அடக்கத்தில் ஓட்டுப் பேச்சு வேண்டாம்

மனைவியின் சவப்பெட்டி இருந்த அறையின் வாசலிலேயே டெனில்சன் பாஸ்டரை மறித்தான்.

"அந்த ஸ்டிக்கரை எடுத்துடுங்க பாஸ்டர்."

பாஸ்டர் எரால்டோ குனிந்து தன் சட்டையைப் பார்த்தார். அவர் முகமே அங்கே சிரித்துக்கொண்டிருந்தது. ஞாயிற்றுக்கிழமை நகரசபைத் தேர்தல்; அவரும் ஒரு வேட்பாளர்.

"மறந்தே போச்சு பிரதர்." உரித்து மடித்துப் பையில் போட்டுக்கொண்டார்.

"இன்னிக்கு ஓட்டுப் பேச்சு வேண்டாம். ஜூசாரா போறதுக்கு முன்னாடி கேட்டுக்கிட்டா."

"என் வாயில வராது."

வரவில்லை. டெங்கு கொண்டுபோன ஜூசாராவைப் பற்றி மட்டுமே பேசினார். பாடகர் குழுவில் அவள் குரல் எப்படித் தனியாகக் கேட்கும் என்றார். அவள் குழுவை விட்டு விலகியதைச் சொல்லவில்லை.

மாமியார் சுலெய்தே அவன் பக்கம் சாய்ந்தாள். "பாத்தியா? நல்ல மனுஷன். நீயும் அவளும்தான் அவர்கிட்ட முறைச்சிக்கிட்டுத் திரிஞ்சீங்க."

"சரி அத்தை."

"என்னை டயாலிசிஸுக்குக் கூட்டிட்டுப் போக வண்டி அனுப்பறது யாரு? உன் காலேஜ் படிப்பா?"

அவனுக்குக் களைப்பாக இருந்தது.

கல்லறைச் சுவரில் இருந்த மாடத்துக்குள் பெட்டியைத் தள்ளினார்கள். அதை அடைக்கக் கொத்தனார் சிமெண்ட் குழைத்துக்கொண்டிருந்தார். பாடகர் குழுவின் மூத்தவள் நெய்ஜி அருகில் வந்தாள்.

"அவளுக்குப் பிடிச்சதையே பாடிடலாமா பிரதர்?"

தலையசைத்தான். அந்தப் பாட்டுக்கு பாஸ்டரின் பிரச்சார வரிகளைப் போட்டபோதுதான் ஜூசாரா விலகினாள். ஆகஸ்டிலிருந்து ஒலிபெருக்கி வண்டி அதைத் தெருத்தெருவாகப் பாடிக்கொண்டிருந்தது.

முதல் அடி சரியாகவே வந்தது. ஆற்றுக்கு அக்கரையில் என் வீடு. இரண்டாவது அடியில், யாரும் நினைக்காமலே, எரால்டோவுக்கு ஓட்டுப்போட இயந்திரத்தில் அழுத்த வேண்டிய எண் வந்தது. ஐந்து இலக்கமும், ராகம் பிசகாமல்.

ஒவ்வொருத்தியாக நிறுத்தினார்கள். ஒருத்தி வாயைப் பொத்திக்கொண்டாள்.

"நான் சொல்லித் தரல பிரதர்," என்றார் பாஸ்டர். அவர் முகம் வெளுத்திருந்தது.

"தெரியும்."

"பழைய வரி என்னது?" நெய்ஜி கிசுகிசுத்தாள். "நீங்களே எடுத்துக் குடுங்களேன்."

டெனில்சன் வாயைத் திறந்தான். ராகம் இருந்தது. அதில் எண் மட்டுமே இருந்தது. பாஸ்டரைப் பார்த்தான். அவரும் உதடுகளை அசைத்துத் தேடிக்கொண்டிருந்தார்.

"கலவை இறுகுது சார்," என்றார் கொத்தனார்.

"மூடுங்க."

சுலெய்தே வாயைத் திறக்காமல் ராகத்தை மட்டும் முனக ஆரம்பித்தாள். மற்றவர்களும் சேர்ந்துகொண்டார்கள். கொத்தனார் முதல் செங்கலை வைத்து, கரண்டியின் பிடியால் மெதுவாகத் தட்டினார்.