தெரியாத எண்

மகளின் மணிக்கட்டில் இருந்த ஆரஞ்சுப் பட்டையைச் சமையலறைக் கத்தரிக்கோலால் வெட்டிக்கொண்டிருந்தாள் சுபாஷிணி. ஜூலா நகரி கேளிக்கைப் பூங்காவில் டிக்கெட்டுக்குப் பதிலாகக் கட்டிவிடுவது. பிரேதப் பரிசோதனை செய்தவர்கள்கூட அதைக் கழற்றவில்லை. சனியன், லேசில் அறுபடவும் இல்லை.

கீழே சவ வண்டி நின்றது. ஜனக்புரியின் அந்த பிளாக்கில் பாதிப் பேர் கூடிவிட்டார்கள்.

"அங்கிள் இல்லையே, ஆன்ட்டி?" என்று கேட்டாள் மது. மகளின் ஆபீஸ் தோழி; உடைந்து விழுந்த ராட்டினத்தில் ஜ்யோத்ஸ்னாவுக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருந்தவள், கையில் மாவுக்கட்டு.

"கீழ இருக்கார். சொல்லும்மா."

"ஜ்யோ ஹாஸ்பிடல்ல கொஞ்ச நேரம் பேசினா. அப்பாவுக்கு போன் பண்ணுன்னு சொல்லிட்டே இருந்தா. எங்க போனெல்லாம் விழுந்து உடைஞ்சுபோச்சு. நம்பர்கூட அவதான் சொன்னா, வார்டு பாய் அவர் போன்லேர்ந்து அடிச்சார். கட் ஆயிடுச்சு. அப்புறம் லைனே போகல, ஆன்ட்டி."

போகாது. அவள் கணவர் ஜெயகிருஷ்ணன் அந்த எண்ணை பிளாக் செய்திருந்தார்.

அந்தப் பூங்காவில் ஆள் விழுந்துவிட்டதாக ஒவ்வொரு கோடையிலும் ஒரு வீடியோ சுற்றும். அது உண்மையில் எந்த ஊர்க் காட்சி என்று தேடிப் பிடித்து, குடியிருப்பு வாட்ஸ்ஆப் குழுவில் "வதந்தி, பரப்பாதீர்கள்" என்று போடுவதுதான் ஓய்வுக்குப் பிறகு அவருடைய உத்தியோகம். நேற்று மத்தியானம் வந்த வீடியோவுக்குத் தேடக்கூட இல்லை. கண்ணை மூடிக்கொண்டு அதையே போட்டார். மகளின் ஆபீசில் எல்லோரையும் அங்கே அழைத்துப் போயிருப்பது வீட்டில் யாருக்குத் தெரியும்?

சற்று நேரத்தில் தெரியாத எண்ணிலிருந்து ஓர் ஆண் குரல், உங்கள் மகள் ஆஸ்பத்திரியில் இருக்கிறாள் என்று இந்தியில் சொன்னது. இப்படிச் சொல்லிப் பணம் பறிக்கிற கும்பல்களைப் பற்றி ஊருக்கே பாடம் எடுத்தவர் அவர். "யார்கிட்ட கதை விடறான்!" என்று துண்டித்தார். சுபாஷிணியும் சேர்ந்து சிரித்தாள். சாயங்காலம் போலீஸ்காரர் கதவைத் தட்டியபோது எல்லாம் முடிந்திருந்தது.

ஜெயகிருஷ்ணன் மேலே வந்தார்.

"பார்க்குக்கு சீல் வெச்சுட்டாங்களாம்" என்றார். மகளின் முகத்தைப் பார்க்காமல் மனைவியிடம் கேட்டார்: "அவளுக்கு நினைவு இருந்துதாமா? மது ஏதாவது சொன்னாளா?"

மது தலையைக் குனிந்துகொண்டாள்.

"இல்லங்க. விழுந்ததுமே போயிடுச்சாம். ஒண்ணுமே தெரியலையாம்" என்றாள் சுபாஷிணி.

காய்கறிக்காரன் விலை சொன்னால்கூட "யார் சொன்னது?" என்று கேட்கிற மனிதர். இதற்கு அப்படிக் கேட்கவில்லை. அவள் கையிலிருந்து கத்தரிக்கோலை வாங்கி, அந்தப் பட்டையை மெதுவாக வெட்டி எடுத்தார்.

அவர் சட்டைப் பையில் போன் அடித்தது. திரையில் வெறும் எண்தான். முதல் மணியிலேயே எடுத்துவிட்டார்.

"ஹான் பேட்டா, போலோ. சொல்லும்மா."

யாரோ ஒரு பெண் கிரெடிட் கார்டைப் பற்றிச் சொல்லிக்கொண்டிருந்தாள். பக்கத்தில் இருந்த எல்லோருக்கும் கேட்டது. கீழே வண்டிக்காரன் ஹாரன் அடித்தான். ஜெயகிருஷ்ணன் போனைக் காதோடு அழுத்திப் பிடித்துக்கொண்டு, "ஹான் பேட்டா... ஹான்..." என்று அவள் சொல்லி முடிக்கும்வரை நின்றார்.