சுனையைப் பறித்தவன் யார்?

சிறுமலையில் ஈராயிரம் ஆண்டுகளுக்கு முன் வாழ்ந்த பழங்குடிகளைப் பற்றி ஸ்தனிஸ்லாஸ் எழுதிய நாவலுக்கு, திண்டுக்கல் மண்டபம் ஒன்றில் அன்று வெளியீடு. முதல் பிரதியைப் பெற வேண்டியவர் அவருடைய அக்காள் புருஷன் பிராங்க்ளின். மேடையில் ஒருவர் கைநீட்டி வாங்கினால்தான் புத்தகம் வெளிவந்ததாக ஊர் ஒப்புக்கொள்ளும்.

பிராங்க்ளினோ மைக்கைப் பிடுங்கினார். "உப்பைக் காட்டி ஏமாத்தி, அடிவாரத்துக்காரன் மலைச்சனத்தோட சுனையைப் பறிச்சான்னு எழுதியிருக்கான். அடிவாரத்துல இருந்தது யாரு? நம்ம பாட்டன் பூட்டன்தானே? இதை நான் கையால தொடமாட்டேன்!"

"அது கதை, மச்சான்."

"கதைன்னா என் வம்சத்தையே திருடனாக்குவியாலே?"

முன்வரிசை எழுந்து கூச்சலிட்டது. "எரிங்கய்யா அதை!" என்றார் ஒருவர். நீட்டிய கையை ஸ்தனிஸ்லாஸ் இறக்கப்போனார். அதற்குள் அக்காள் நான்சி மேடையேறி, சிலுவை அடையாளம் போட்டுக்கொண்டு, இரு கைகளாலும் பிரதியை வாங்கிவிட்டாள்.

"இனி வீட்டுப் பக்கம் வந்துராதே!" என்று பிராங்க்ளின் உறுமினார்.

"வருவேன். முழுசாப் படிச்சுட்டு, நீங்க சொல்றது சரின்னா சேர்ந்தே இவனைத் திட்டுவோம்."

யாரும் கைதட்டவில்லை. அவள் நாற்காலியை இழுத்துப் போட்டு, "உக்காருடா தம்பி," என்றாள்.