உலைக்குக் கொசுறு

“கொசுறு இல்லாம நான் தக்காளிகூட வாங்கினதில்ல, இது ஒரு உலை, இதுக்குப் போய்—”

“அப்ப தக்காளிக்காரிகிட்டயே போ, இங்க எதுக்கு வந்து—”

“பேச விடுங்கம்மா! ஒரு லட்சத்து எண்பதாயிரம் சீடி பணங்கறீங்க, வாயைத் திறந்தா—”

“வாயைத் திறந்தா ஒன்னு தொண்ணூறு. இன்னிக்கு ராத்திரியும் கரண்ட் போகட்டும், காலையில விலை என்னன்னு வந்து கேளு.”

இரண்டு பேரும் ஒரே நேரத்தில் மூச்சு வாங்க நிறுத்தினார்கள். டேமா துறைமுகத்திலிருந்து வந்த காற்றில் மீன்வாடையும் டீசல்வாடையும் கலந்திருந்தன. டிரோமோவின் கிடங்கில் சரக்கு நிறைய. ஐரோப்பாவில் கழித்துக்கட்டிய பழைய எண்ணெய் உலைகள், பக்கவாட்டில் சாய்த்து, உருக்கிய உலோகத்தை ஊற்றுகிறவை, யானைக்கன்றுகள்போல வரிசையாக நின்றன. சீனத்திலிருந்து வரும் கரண்ட் உலை வருஷத்துக்கு வருஷம் மலிந்துகொண்டே வந்தது. அதைப் பார்த்து, டிரோமோவின் கதை முடிந்தது என்று துறைமுகத்தில் பேசிக்கொண்டவர்கள் உண்டு. அவள் சாயங்காலம் வாசலில் நின்று தெருவிளக்கைப் பார்ப்பாள். விளக்கு நாள் தவறாமல் எரிந்தால் எண்ணெய் உலை விலை இறங்கும். விட்டு விட்டு எரிந்தால் ஏறும். வேறு சந்தை நிலவரம் எதுவும் அவளுக்குத் தேவைப்பட்டதில்லை.

எதிரே நின்ற செர்வா, உள்நாட்டு நகரமான குமாசியில் பானை வார்க்கும் பட்டறைக்காரி. போன மாதம்தான் புத்தம்புது கரண்ட் உலை வாங்கினாள். அலுமினியம் பாதி உருகியிருந்தபோது மின்சாரம் போய்விட்டது. உலையின் வயிற்றிலேயே உறைந்துபோனதை உடைத்து எடுக்கப் போய் உலையும் சேர்ந்து உடைந்தது.

“சரி, கொசுறா என்ன வேணும்? ஒரு பர்னர் தரேன். ஒரு வண்டி சூடு தாங்குற செங்கல் தரேன். எடுத்துக்கிட்டுக் கிளம்பு.”

“செங்கல் எனக்கெதுக்கு? ஆளு இல்லம்மா. என்கிட்ட உலை பார்த்தவன் தங்கம் தோண்டப் போயிட்டான், போனவன் மச்சானையும் கூட்டிட்டுப் போயிட்டான். மழை முடியற வரைக்கும் உங்க வீட்டுக்காரரை அனுப்புங்க.”

வரிசையின் கடைசி உலைக்குப் பின்னால், காலையிலிருந்து கேட்டுக்கொண்டிருந்த உளிச்சத்தம் நின்றது. டிரோமோவின் கணவர் அக்பேகோ அங்கேதான் பழைய பூச்சைச் சுரண்டிக்கொண்டிருந்தார்.

டிரோமோ குரலைத் தாழ்த்தினாள். “அவருக்கு முட்டிவலி.”

“உலை முன்னாடி நாற்காலி போடறேன்.”

“நெஞ்சுல சளி.”

“அந்தச் சூட்டுல சளி எங்கம்மா நிக்கும்?”

டிரோமோவுக்குச் சிரிப்பு வந்தது, அடக்கிக்கொண்டாள். இந்தப் பெண்ணின் வாய் தன் வாய்தான். நாட்டைப் பஞ்சம் பிடித்த ஒரு வருஷத்தில், தலையில் கருவாட்டுக் கூடையோடு லெபனான்காரரின் பானை ஆலை வாசலில் நின்ற தன்னுடைய வாய். ஊருக்குத் திரும்பும் அவசரத்தில் அவர் எல்லாவற்றையும் விற்றுக்கொண்டிருந்தார். மீன் விற்றும் படகு எஞ்சினை விற்றும் சேர்த்ததைக் கொடுத்து உலையை வாங்கினவள், பழக்கதோஷத்தில், “கொசுறு எங்கே?” என்று கேட்டுவிட்டாள். மனிதர் சுற்றும் முற்றும் பார்த்தார். ஆலையில் மிச்சம் ஒன்றுமில்லை. கேட்டில் சாய்ந்து கென்கே சோள உருண்டையைத் தின்றுகொண்டிருந்த, உலோகம் உருக்கும் ஆளைக் காட்டி, “இவன்தான் இருக்கான், கூட்டிட்டுப் போ” என்றார். கூடியிருந்தவர்கள் எல்லாரும் சிரித்தார்கள். “இவனுக்குச் சோறு யாரு போடறது?” என்று அவள் கேட்க, இன்னும் சிரித்தார்கள். லாரியில் உலையைக் கட்டிய கயிற்றைப் பிடித்தபடி அவன் வந்தான். வழியில் பாதிக் கென்கேயை அவள் பக்கம் நீட்டினான். அடுத்த ஹோமோவோ பண்டிகைக்குள் கல்யாணம் ஆகிவிட்டது.

அந்த நாட்களை நினைத்தால் இப்போதும் அவள் முகத்தில் சூடு ஏறும். உருக்கி ஊற்றி முடித்த சாயங்காலங்களில் உலையின் அணைந்த வாயருகே வாழைக்காயைச் சுட்டு வைப்பான். நெருப்பின் நிறத்தை வைத்தே, “இன்னும் கொஞ்சம், இப்ப இல்ல, இப்ப இல்ல” என்று முணுமுணுப்பான். வேலைக்காரர்கள் மூச்சைப் பிடித்துக்கொண்டு நிற்பார்கள். “இப்ப!” என்பான். வெள்ளியாக ஓடும். அவர்கள் பட்டறையைச் சுற்றி வீடுகள் வந்தன, புகை என்று சண்டைக்கு வந்தார்கள். பானை வார்ப்பதைவிட உலை விற்பதில் காசு என்று அவளுக்கும் பிடிபட்டது. நாடே இருட்டில் கிடந்த ஒரு வருஷம், விலை உச்சியில் இருந்தபோது, அந்த முதல் உலையையும் விற்றுவிட்டாள். லாரி போன பிறகு, அது நின்றிருந்த இடத்தை அக்பேகோ தண்ணீர் தெளித்துக் கூட்டினார். அதற்குப் பிறகு அந்தக் கிடங்கில் நெருப்பு மூட்டியதில்லை.

மழை முடியும் வரைக்கும். காலையில் கஞ்சிக்கு யாரை எழுப்புவது? உப்பு அதிகம் என்று யாரிடம் திட்டு வாங்குவது? இது எதுவும் வியாபாரியின் கணக்கில் வரவே கூடாது.

“ஒன்னு எழுபது,” என்றாள். “ஆளைக் கேக்காதே.”

செர்வா காதைத் தேய்த்துக்கொண்டாள். டேமா டிரோமோ தானாக விலை இறங்கியதாகத் துறைமுகத்தில் யாரும் சொல்லி அவள் கேட்டதில்லை. “என்னம்மா சொன்னீங்க?”

“ஒன்னு அறுபத்தஞ்சு. பர்னரும் தரேன்.”

“நான் சும்மா நின்னாலே இறங்குதே! மத்தியானம் வரைக்கும் நிக்கட்டுமா?”

“கொழுப்புடி உனக்கு. ஒன்னு அறுபது. இதுக்குக் கீழ போனா நான் கடலுக்குத்தான் போகணும்.”

“அந்த மனுஷனுக்கு இருபதாயிரமா?” செர்வாவின் குரலில் கேலி குறைந்திருந்தது. “எங்க வீட்டுல இருக்கறதை நான் சும்மாவே கொடுப்பேன்மா.”

டிரோமோ பதில் சொல்வதற்குள் உலைக்குப் பின்னாலிருந்து அக்பேகோ எழுந்து வந்தார். புருவத்திலும் நரைத்த மார்பு மயிரிலும் வெள்ளைத் தூசி. முட்டி வலிக்கிறவர்போல் நடக்கவில்லை. விற்கப்போகும் உலையின் வாய்க்குள் கையை விட்டு, விளிம்பை விரலால் ஒரு சுற்றுத் தடவிப் பார்த்தார். திருப்தியாகத் தலையசைத்தார். செர்வா ஒதுங்கி நின்றாள்.

“ஏங்க, நீங்க உள்ள போங்க,” என்றாள் டிரோமோ. “இது வியாபாரம். முடிஞ்சாச்சு.”

அவர் கையை வெளியே எடுத்தார். துடைக்கவில்லை.

“நீ என்னை வாங்கும்போதும் கேக்கல, என் உலையை விக்கும்போதும் கேக்கல. போகட்டுமான்னு நான் இப்ப உன்னைக் கேக்கப்போறதில்ல, டிரோமோ. போறீங்களான்னு நீ என்னை ஒரு தடவை கேளு.”