ஊமையர் வளவு

ஓர்ஸ் ஹில்லில் எந்த ஓட்டோக்காரரிடமும் 'ஊமையர் வளவு' என்று சொல்லுங்கள், எங்கள் வாசலில் கொண்டுவந்து இறக்குவார். இந்த வளவில் ஒரு ஊமையும் பிறந்ததில்லை. வங்கியில் நாள் முழுக்கத் தொண்டை வறளக் கதைத்துவிட்டு, பின்னேரம் அம்மாவோடும் வாய்ச்சண்டை பிடிக்கிறவள் நான். ஆனாலும் ஊருக்கு இந்த நிரோஜினி ஊமையர் வீட்டுப் பெட்டைதான்.

வினை எங்கள் பூட்டன் கதிர்காமத்தம்பியால் வந்தது. துறைமுகத்தில் மூட்டை தூக்கிய வாட்டசாட்டமான ஆள். கப்பலேறிச் சென்னைக்குப் போய் ஊமைப்படங்களில் நடித்தார். காவலாளி, அரக்கன், கைதி என்று கதாநாயகனிடம் அடிவாங்கும் வேஷமெல்லாம் அவருக்குத்தான். பிறகு படங்கள் பேசத் தொடங்கின. "வசனம் பேச வருமா?" என்று கேட்டார்களாம். "ஓம் ஐயா, கதைப்பன்" என்றாராம். எங்கள் ஊர்ப் பேச்சைக் கேட்டு நின்றவர்களெல்லாம் விழுந்து விழுந்து சிரித்தார்களாம். அத்தோடு சினிமா முடிந்தது.

திரும்பி வந்தவரை ஊர் 'ஊமைப்படக்காரர்' என்றது. அவ்வளவு நீளப் பெயர் ஊர் வாயில் நிற்குமா? படம் உதிர்ந்தது, ஊமையர் மிஞ்சினார். ஊமை ஊரைக் கெடுக்கும் என்பார்கள். எங்களை ஊர்தான் ஊமையாக்கிக் கெடுத்தது. அத்தைக்குப் பேசிய கலியாணம் 'பரம்பரையில் ஊமை' என்று குழம்பியது. இப்போது என் முறை.

தர்சன் வங்கியில் எனக்குப் பக்கத்துக் கதிரை. நாங்களாக விரும்பினோம். அவனுடைய அம்மா தங்கரத்தினம் அங்கே இங்கே விசாரித்துவிட்டு, "பிறக்கிற பிள்ளை கதைக்காட்டி என்ன செய்யிறது?" என்று மறித்துவிட்டார். அவனை விட்டுக்கொடுக்க எனக்கு மனமில்லை.

தேடித் தேடி, பூட்டன் நடித்த படமொன்றின் துண்டை இணையத்தில் பிடித்தேன். எங்கள் வீட்டுச் சுவரில் தொங்கும் அவர் படத்தில் உள்ள அதே மூக்கு, அதே நெற்றித் தழும்பு. அவர் கதைப்பார் என்று காட்டக் கிடைத்த ஒரே சாட்சி, கதைக்காத படம்! என்ன கொடுமை பாருங்கள்.

ஞாயிற்றுக்கிழமை தாயும் மகனும் வந்தார்கள். அயலுக்குக் கேட்கக்கூடாதென்று அம்மா யன்னலெல்லாம் சாத்தினார். வேர்த்துக் கொட்டியது. மடிக்கணினியில் படத்தைப் போட்டேன். சிறைக்கம்பியைப் பிடித்தபடி பூட்டன் வாயைத் திறந்து கத்தினார். அடுத்து எழுத்து வந்தது: 'மன்னா! அடியேனை மன்னித்தருள்க!'

"பாருங்கோ, மன்னிப்புக் கேக்கிறார்," என்றார் அம்மா.

"திருப்பிப் போடும் பிள்ளை." தங்கரத்தினம் மாமி திரைக்குக் கிட்ட வந்தார். திடீரென்று சிரித்தார். "இவராவது மன்னிப்புக் கேக்கிறதாவது! 'ஏலாது' எண்டெல்லே சொல்லுறார்! வாயைப் பாரும், ஏ… லா… து. எங்கட ஊர் ஆள்தான்!"

உண்மைதான். லா-வுக்கு வாய் அகன்றது, து-வுக்குக் குவிந்தது. இவ்வளவு காலமும் கம்பிக்குப் பின்னால் நின்று, மன்னிப்புக் கேட்க ஏலாது, ஏலாது என்று கத்தியிருக்கிறார். எனக்குக் கண் நிறைந்தது.

"சரி, ஊமையில்லை. எனக்குச் சம்மதம்," என்றார் மாமி. அம்மா தேத்தண்ணி போட எழும்பினார். "ஆனா ஒண்டு. உமக்கு வாய் கொஞ்சம் நீளமாம். எங்கட வீட்டிலை நான் சொல்லுறதுக்கு மறுகதை கதைக்கப்படாது. வாயை மூடிக்கொண்டு இருக்க ஏலும்தானே?"

நான் தர்சனைப் பார்த்தேன். வங்கியில் ஓயாமல் அலட்டுகிறவன், மேசைவிரிப்பின் ஓரத்தை நீவிக்கொண்டிருந்தான். ஓம் என்று சொல்லு என அம்மா கண்ணால் கெஞ்சினார்.

"ஏலாது மாமி," என்றேன்.

மாமி எழும்பினார். "வாடா."

அவனும் எழும்பினான். அவன் செருப்பை மாட்டும்வரை காத்திருந்தேன். "தர்சன், நீர் ஒண்டும் கதைக்கேல்லையே?"

குனிந்த தலை நிமிரவில்லை.

"ஊமையை எங்கட பரம்பரையிலை தேடினீங்கள், மாமி," என்றேன். "பெத்து வளர்த்தது நீங்கள்."

படலை சாத்தும் சத்தம் கேட்டது. அம்மா போய் யன்னல்களைத் திறந்துவிட்டார். நான் அயலுக்கெல்லாம் கேட்கக் கத்தி அழுதேன்.