துணைவியர் வரிசை

கோட்டின் கை நீளமா, குட்டையா என்பதுதான் அன்று காலை அந்த வீட்டில் நடந்த ஒரே ஆராய்ச்சி. கோட்டுக்குள் நின்றவர் துணிக்கடை மேலாளர். பதக்கம் அவர் மனைவிக்கு.

அவள் பதினோரு வருஷம் உலைக்கு முன்னால் வெந்து, கடுகளவு படிகம் ஒன்றை வளர்த்தவள். மின்சாரத்தை அது ஒரு பக்கமாகத்தான் விடும்; திருப்பி மாட்டினால், தலைகீழாக நின்றாலும் விடாது. கட்டுரைகளில் பெயரை வெறும் இனிஷியலாகப் போட்டதுதான் அவள் செய்த பிழை. விஞ்ஞானக் கழகம் ‘ஐயா’ என்று விளித்து, ‘துணைவியாருடன் வருக’ என்று அச்சடித்துவிட்டது.

போனில் சொல்லிப் பார்த்தாள். “அச்சாகிடுச்சேம்மா! வீட்டுக்காரரையே அனுப்பிடுங்களேன்” என்றார் தலைவர். எழுத்தை மாற்றுவதைவிட ஆளை மாற்றுவது சுலபம் என்று கண்டுபிடித்த மேதை. அவருக்கும் ஒரு பதக்கம் தந்திருக்கலாம்.

“நான் செஞ்சது அத்தை. நானே போய் வாங்கிக்கிறேன்.”

“யாரு வாங்கினா என்னடி? நம்ம வீட்டு அலமாரிக்குத்தானே வருது” என்றாள் மாமியார். “நீ மேல நின்னா, எம்புள்ள கீழ உக்காந்து கைதட்டணுமா?”

“மேடையில அந்தப் படிகத்துல ரெண்டு கம்பிய மாட்டணும், பல்பு எரியணும். அவ்வளவுதானே?” என்றார் கணவர். “நான் மாட்டாத கம்பியா!”

“அவ்வளவுதாங்க.”

எந்தக் கம்பி எந்தப் பக்கம் என்று அவர் கேட்கவில்லை. கேட்டிருந்தால் சொல்லியிருப்பாள்.

அரங்கில் அவளுக்கு ‘துணைவியர்’ என்ற அட்டையைக் குத்தி, மூன்றாம் வரிசையில் உட்கார வைத்தார்கள். கணவர் பதக்கத்தை வாங்கினார். தான் பட்ட பாட்டைப் பற்றி அரை மணி நேரம் உருகினார்; முன்வரிசையில் இரண்டு பேராசிரியர்கள் கண்ணைத் துடைத்துக்கொண்டார்கள். பிறகு கம்பிகளை மாட்டினார்.

பல்பு எரியவில்லை.

பல்பை மாற்றினார்கள். பேட்டரியை மாற்றினார்கள். ஒயர்மேனைத் திட்டி வெளியே அனுப்பி, வேறு ஒயர்மேனைக் கூட்டிவந்தார்கள். மேடையில் கோட்டு நனைந்துகொண்டிருந்தது.

தலைவர் வியர்வையோடு மூன்றாம் வரிசைக்கு ஓடிவந்தார். “அம்மா, உங்களுக்கு ஏதாச்சும் தெரியுமா?”

அவள் சேலையில் குத்தியிருந்த அட்டையை அவர் பக்கம் திருப்பிக் காட்டினாள்.

“துணைவியர்னுதாங்க அச்சாகியிருக்கு.”

அவர் திரும்பிப் போய் மூன்றாவது ஒயர்மேனுக்குச் சொல்லியனுப்பினார். அவ்வளவு பெரிய அரங்கில் அந்த நேரத்தில் ஒழுங்காக வேலை செய்துகொண்டிருந்தது, அந்தக் கடுகளவு படிகம் ஒன்றுதான்.