பதினொரு கழுதைகளும் ஒரு குதிரையும்

பிசிகாவில் தலைவர் செத்துவிட்டார் என்று யாரும் வாய்விட்டுச் சொல்வதில்லை. நெருப்பு அணைந்துவிட்டது என்பார்கள். அந்தக் கோடையில் நெருப்பு அணைந்தபோது அவருடைய மூத்த மகள் திபோகோ தலைநகரத்தில் வெளியுறவு அமைச்சராக இருந்தாள். அன்று மாலையே ஊர் வந்து சேர்ந்தாள். அப்பாவின் நீல அங்கியை மாட்டி, தொப்பியை வைத்து, கைத்தடியை ஊன்றி அவர் இருக்கையில் உட்கார்ந்தாள். மோசி இனத்தார் வழக்கம் அது. அடுத்த தலைவர் முடிவாகும்வரை மூத்த மகள்தான் நாபா, அதாவது செத்த தலைவரே. முற்றத்தைத் தாண்டக் கூடாது. அழவும் கூடாது. செத்தவர் தனக்காகத் தானே அழுவாரா?

ஐ.நா. சபையில் பேசியவள் அரசாங்கக் கோப்புகளை அப்படியே போட்டுவிட்டு வந்து தொப்பி வைத்துக்கொண்டு உட்கார்ந்ததில் தலைநகரத்துப் பெரிய மனிதர்களுக்கு ஒரே சிரிப்பு. சிரிக்கட்டும். அவளை உறுத்தியது வேறு.

எல்லைக் கிணற்றுக்கு மாடு ஓட்டிப்போன பிசிகா ஆட்கள் பதினொரு பேரை, உளவாளிகள் என்று வடக்கு நாட்டுப் பட்டாளம் பிடித்துப் போயிருந்தது. மாட்டுக்குத் தண்ணீர் காட்டியவன் என்ன உளவு பார்த்தானோ, அந்தப் பட்டாளத்துக்கே வெளிச்சம். கடைசியாகப் பார்த்தபோது அப்பா கேட்டது அதைத்தான்: "நம்ம பசங்களை எப்ப கூட்டிட்டு வருவ?" சீக்கிரம் என்று சொல்லிவிட்டாள். அந்த வார்த்தை நெஞ்சில் முள்ளாய்க் கிடந்தது.

மூன்றாம் நாள் தலைநகரத்திலிருந்து ஜீப்பில் ஓர் அதிகாரி வந்தார்.

"ஜனாதிபதி கோவமா இருக்காரும்மா. வியாழக்கிழமை வடக்குக்காரங்களோட பேச்சுவார்த்தைக்கு நீங்க வரலைன்னா, பாதுகாப்பு அமைச்சர் உக்காருவாராம்."

"அவரா? அவர் உக்காந்தா பேச்சா நடக்கும், குண்டுதான் வெடிக்கும்."

"அப்ப கிளம்புங்கம்மா."

"நான் கிளம்பினா எங்கப்பா ரெண்டாவது தடவை சாவார்."

கண்ணை மூடி யோசித்தாள். எதிர்த்தரப்பு அமைச்சர் லசினா திராபோ, மூன்று சுற்றுப் பேச்சிலும் தாளைப் பார்த்துப் படித்ததைத் தவிர ஒரு வார்த்தை அதிகம் பேசாத மனிதர். ஆனால் சாமோ இனத்தார். மோசிக்கும் சாமோவுக்கும் கேலி முறை: இவர்களைக் கழுதை என்றும் அவர்களை நாய் தின்னி என்றும் ஏசலாம், சாவு வீட்டில் புகுந்து திருடலாம், யாரும் கோபப்படக் கூடாது. நாடு பிரிந்தாலும் முறை பிரியாது. முதல் நாள் விருந்தில் இறைச்சித் தட்டைப் பார்த்துவிட்டு அவளைப் பார்த்தார். கழுதை என்று சொல்ல வாய்வரை வந்ததை மென்று விழுங்கியதை அவளும் கவனித்தாள்.

"வானொலில சாவு அறிவிப்பு படிப்பாங்கல்ல," என்றாள் அதிகாரியிடம். "அதுல சேர்க்கச் சொல்லுங்க. பிசிகா நாபாவோட நெருப்பு அணைஞ்சிடுச்சு. சாவு வீட்டுல திருட ஒரு சாமோ கூட வரலை. நாய்க்கறி தின்னுட்டுத் தூங்கறாங்க போலருக்கு."

அதிகாரியின் முகம் வெளிறிப்போனது. "அமைச்சர் சொன்னதுன்னு தெரிஞ்சா..."

"அமைச்சர் சொல்லலை. செத்தவர் சொல்றார்."

புதன்கிழமை மதியம் கறுப்புக் கார் ஒன்று புழுதி கிளப்பிக்கொண்டு வந்தது. பின்னால் ஒரு கர்னல், மலர்வளையம். திராபோ இறங்கினார், மலர்வளையத்தைக் கர்னலின் கையிலேயே விட்டார். நேரே லாயத்துக்குப் போய் செத்தவரின் வெள்ளைக் குதிரையை அவிழ்த்து, கோட்டும் சூட்டுமாக அதன்மேல் ஏறி உட்கார்ந்துகொண்டார். அந்தக் குதிரை இல்லாமல் புதுத் தலைவருக்குப் பட்டம் கட்ட முடியாது. முற்றத்துப் பெண்கள் குலவையிட்டார்கள்.

"திருடன் வந்துட்டான்," என்று சிரித்தபடி அரண்மனை மூத்தவர் ஓர் ஆட்டை இழுத்துவந்தார். "ஆட்டை வாங்கிட்டுக் குதிரையை விடுடா."

"ஆட்டை நீயே தின்னு கிழவா. செத்தவன் எனக்கு அடிமை. அடிமை சொத்து எசமானுக்கு." பிறகு அவளைப் பார்த்தார். குரல் சற்றே தாழ்ந்தது. "அமைச்சரம்மாகிட்ட பேச இன்னிக்கு எனக்கு உத்தரவில்ல. நாபாகிட்ட பேசலாம்."

அவள் தடியை ஊன்றி எழுந்தாள். வந்தது அப்பாவின் கரகரத்த குரல்.

"ஏண்டா நாய் தின்னி. என் கழுதை பதினொண்ணை உன் கொட்டடில கட்டிப் போட்டிருக்க. கழுதைத் திருடனுக்குக் குதிரை கேக்குதா? அதுகளை அவுத்து விடு. என் குதிரையை விட்டு இறங்கு."

கர்னல் ஓரடி முன்னால் வைத்தார். மாநாட்டு மேசையில் இதையே சொல்லியிருந்தால் மறுநாள் எல்லையில் பீரங்கி நின்றிருக்கும். திராபோ திரும்பாமலே கையை உயர்த்தி அவரை நிறுத்தினார். முறைக்காரன் பேச்சுக்குக் கோபப்பட்டால் சாமோவுக்குத் தலைமுறைக்கும் அவமானம்.

"கழுதையா? அதுங்களா?" என்றார். "களியைப் போட்டு எங்களுக்குக் கட்டுப்படியாகலை. பாட்டு வேற பாடுதுங்க, காவல்காரன் தூங்க முடியலை. ஓட்டிட்டுப் போ. ஒரு குடம் சோளக் கள்ளு குடுத்தா இறங்கறேன்."

"அரைக் குடம்."

"ஒரு குடம். கழுதைக் கூட்டமே, உங்க கஞ்சத்தனம் சாவுலயும் போகாதா?"

சிரிப்பில் கோழிகள் பறந்தன. செத்தவரின் முற்றத்தில் வாய்விட்டுச் சொன்னதை எந்தச் சாமோவும் திருப்பி எடுத்ததில்லை. மறுநாள் தலைநகரத்தில் பாதுகாப்பு அமைச்சர் மீசையை முறுக்கிக்கொண்டு பேச உட்கார்ந்தபோது, கைதிகளை நேற்றே கொடுத்தாகிவிட்டதே என்று திராபோ தாளைப் பார்த்துப் படித்தாராம்.

புதுத் தலைவரைத் தேர்ந்தெடுக்கப் பெரியவர்கள் கூடியிருந்த ஒரு காலையில் பதினொரு பேரும் வந்தார்கள், இளைத்து, கால் புழுதியோடு. சிறையில் அவர்களுக்கு யாரும் எதுவும் சொல்லவில்லை. மூத்த மேய்ப்பன் நோபிலா நீல அங்கியைத் தொலைவிலேயே பார்த்துவிட்டு முகம் மலர்ந்து வந்தான். பக்கத்தில் வந்ததும் தொப்பிக்குக் கீழே இருந்த முகம் தெரிந்தது. நின்றான். புரிந்தது. உதடு துடித்தது. ஆனாலும் முறைப்படி மண்டியிட்டு, மண்ணைத் தொட்டான்.

"நாபா, வந்துட்டோம்."

அவள் எவ்வளவோ அடக்கிப் பார்த்தாள். கண் கேட்கவில்லை, வழிந்தது. அரண்மனை மூத்தவர் பார்க்காததுபோல் வேறு பக்கம் திரும்பிக்கொண்டார். தடியை இறுக்கிப் பிடித்து, அதே கரகரத்த குரலில் கேட்டாள்.

"வந்தது சரிடா. மாடுங்க எங்க?"