கடைசியில் ஒரு சிரிப்பு

பீரோவின் கைப்பிடியைப் பிடித்தபடி மூச்சை அடக்கி நின்றாள் அவள். உள்ளே துணிதான் இருக்கும். ஆனால் போன வாரம் இதற்குள்ளிருந்துதான் கொழுந்தன் கத்திக்கொண்டே பாய்ந்தான். அதற்கு முன்னால் குளியலறை, அதற்கும் முன்னால் மாடிப்படி. கல்லூரியில் படிக்கிற பிள்ளை, அண்ணியைப் பயமுறுத்தி வீடியோ போட்டே பேர் வாங்கிவிட்டான். வாழ வந்த பெண் எதையும் விளையாட்டாக எடுத்துக்கொள்ள வேண்டுமாம். விளையாடுகிறவனுக்கு அப்படி ஒரு சட்டமும் கிடையாது.

திறந்தாள். யாருமில்லை. கணவனின் சட்டையை எடுத்து மேசையில் விரித்து இஸ்திரி போட ஆரம்பித்தாள். கட்டிலுக்கடியிலிருந்து ஒரு கை அவள் காலைப் பிடித்தது.

அலறினாள். இஸ்திரிப் பெட்டி நழுவி மணிக்கட்டைச் சுட்டது.

போனும் கையுமாக வெளியே வந்தான் கொழுந்தன். "சூப்பர் அண்ணி. இப்பச் சிரிங்க."

சிரிப்பில்லாமல் போட்டால் பார்க்கிறவர்கள் அவனைத் திட்டுவார்கள். அதனால் எல்லா வீடியோவும் அவள் சிரிப்பில்தான் முடியும். இன்று அவளுக்குச் சிரிப்பு வரவில்லை.

"சிரிச்சா முத்தா உதிர்ந்துடும்?" என்றாள் வாசலில் வந்து நின்ற மாமியார்.

"சின்னப் பையன், ஆசையா கேக்குறான். சிரிச்சிடேன், வேலை முடிஞ்சிடும்," என்றான் அம்மாவின் பின்னாலேயே வந்த கணவன்.

திமிர் பிடித்தவள் என்று பேர் வந்துவிட்டால் இந்த வீட்டில் காலம் தள்ள முடியாது. ஆனாலும் உதடு அசையவில்லை. "கை எரியுது," என்று மட்டும் சொல்லிவிட்டுக் குழாயடிக்குப் போனாள்.

மாலையில் அவள் அம்மா போன் செய்தாள்.

"இன்னைக்கு உன் வீடியோ பாத்தேண்டி. நீ கத்துனதுல எனக்கே பக்குன்னு ஆயிடுச்சு. கடைசியில நீ விழுந்து விழுந்து சிரிச்சதைப் பாத்தப்புறந்தான் உயிரே வந்துச்சு. சந்தோஷமா இருக்கே, அது போதும் எனக்கு."

அவளுக்குத் தூக்கிவாரிப் போட்டது. போனை வைக்காமலே வீடியோவைத் தேடிப் பார்த்தாள். கத்தும்போது பச்சை உடை, சிரிக்கும்போது மஞ்சள். பார்த்த அத்தனை பேரில் ஒருவருக்கும் அது உறுத்தவில்லை.

கூடத்தில் மூன்று பேரும் உட்கார்ந்திருந்தார்கள். போனைக் காதில் வைத்தபடியே அங்கே போய் நின்றாள். அவர்களுக்குக் கேட்கும்படியே சொன்னாள்.

"அம்மா, அந்தச் சிரிப்பு பழசு. பயந்தது மட்டும்தான் இன்னைக்கு."

மாமியார் டிவி சத்தத்தைக் கூட்டினாள்.